ஹிஸ்டரீஸிஸ்: தாமதமா, தயக்கமா?

ஒரே சொல்லைச் சுற்றி இத்தனை கேள்விகள் வருவது அபூர்வம். ‘ஹிஸ்டரீஸிஸ்’ என்ற சொல்லைக் காந்தவியல் பாடத்தில் சந்தித்தவர்களும், கருவிக் கையேட்டில் சந்தித்துக் குழம்பியவர்களும் கேட்டிருக்கிறார்கள். இந்த இதழின் கேள்வி-பதில் பக்கத்தை அதற்கே ஒதுக்கிவிட்டோம்.

ஒரு வெப்பக் கட்டுப்பாட்டுக் கருவியின் கையேட்டை மொழிபெயர்க்கிறேன். ‘ஹிஸ்டரீஸிஸ்: 2 டிகிரி’ என்று ஒரு வரி. பாடநூலில் இதற்குத் ‘தயக்கம்’ என்று இருக்கிறது. ‘தயக்கம்: 2 டிகிரி’ என்று எழுதலாமா?

எழுதினால் பிழையில்லை. ஆனால் படிப்பவருக்கு ஒன்றும் விளங்காது. தயக்கம் என்றதும் மனம் நேரத்தை நினைக்கும். ‘2 டிகிரி தயக்கம்’ என்பது அவருக்கு ‘2 லிட்டர் தூரம்’ என்பதைப்போல ஒலிக்கும்.

சொல்லின் உட்பொருள் இதுதான்: உள்ளே கொடுக்கும் அளவு ஒன்றாகவே இருந்தாலும், அந்த அளவுக்கு எந்தப் பக்கமிருந்து வந்து சேர்ந்தோம் என்பதைப் பொறுத்து வெளியே கிடைக்கும் விடை மாறும். ஹீட்டர் 37 டிகிரியில் அணைந்து 35 டிகிரியில் எரியும்படி வைத்திருக்கிறீர்கள். இப்போது வெப்பமானி 36 காட்டுகிறது. ஹீட்டர் எரிகிறதா, இல்லையா? 36 என்ற எண்ணை மட்டும் வைத்துச் சொல்ல முடியாது. கீழேயிருந்து ஏறி வந்த 36 என்றால் எரிகிறது. மேலேயிருந்து இறங்கி வந்த 36 என்றால் அணைந்திருக்கிறது. அந்த 2 டிகிரி அகலம்தான் ஹிஸ்டரீஸிஸ். கடிகாரத்துக்கு இதில் வேலையே இல்லை. பத்து நொடியில் சூடேறினாலும் பத்து மணி நேரத்தில் சூடேறினாலும் ஹீட்டர் அணைவது அதே 37இல்தான்.

குழப்பத்துக்கு விதை போட்டவர் பெயர் வைத்தவரேதான். ஜேம்ஸ் ஆல்ஃபிரட் எவிங் என்ற ஸ்காட்லாந்து இயற்பியலாளர், டோக்கியோவில் பேராசிரியராக இருந்த காலத்தில், 1881இல் ‘பின்தங்குதல்’ என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து இதை உருவாக்கினார். காந்தமாதல், அதை உண்டாக்கும் காரணத்துக்குப் பின்னால் இழுபடுவதை அவர் பார்த்தார். அந்தப் பின்தங்கலை எல்லோரும் நேரத்தில் பின்தங்குவதாக எடுத்துக்கொண்டார்கள்.

எங்கள் யோசனை: காந்தவியலில் ‘தயக்கம்’, ‘தயக்கக் கண்ணி’ (ஏறும் பாதையும் இறங்கும் பாதையும் சேர்ந்து வரைபடத்தில் உண்டாக்கும் வளையம்) என்பவை ஊன்றிவிட்டன, அவற்றை மாற்ற வேண்டாம். கட்டுப்பாட்டுக் கருவிக்கு, ‘எரியும் அளவுக்கும் அணையும் அளவுக்கும் உள்ள இடைவெளி: 2 டிகிரி’ என்று விரித்தே எழுதுங்கள். ஒரு வரி கூடினால் குடிமுழுகிப்போகாது.

டபிள்யூ1209 என்ற சிறிய வெப்பக் கட்டுப்பாட்டுப் பலகை வாங்கினேன். அதன் தாளில் பி1க்கு நேரே ‘பேக்லாஷ் செட்’ என்றும், பி5க்கு நேரே ‘டிலே’ என்றும் இருக்கிறது. இவற்றில் எது ஹிஸ்டரீஸிஸ்? எவ்வளவு வைப்பது?

பி1தான். ‘பேக்லாஷ்’ என்பது பற்சக்கரங்களுக்கு இடையிலான ஆட்டத்தைக் குறிக்கும் சொல். தாளை மொழிபெயர்த்தவர் அதை இங்கே கொண்டுவந்து போட்டுவிட்டார். முழுத் தவறும் அல்ல. எந்திரத்தின் மேசையை நகர்த்தும் ஸ்க்ரூவைத் திருப்பும் திசையை மாற்றினால் முதல் சில டிகிரி சுற்றுக்கு மேசை நகராமல் இருக்கிறதே, அதுவும் ஹிஸ்டரீஸிஸில் ஒரு வகை. ஆனால் வெப்பக் கருவியில் அந்தச் சொல்லைப் பார்ப்பவர் திகைக்கத்தான் செய்வார்.

பி1ஐ 0.1 முதல் 15 டிகிரி வரை வைக்கலாம். வாங்கும்போது 2இல் இருக்கும். சூடாக்கும் நிலையில் 37க்கு வைத்தால் 37இல் ரிலே (ஹீட்டரை இணைத்துத் துண்டிக்கும் மின்காந்தச் சுவிட்ச்) விடும், 35க்கு இறங்கினால் பிடிக்கும். எல்லாத் தயாரிப்பாளர்களும் இப்படிக் கணக்கிடுவதில்லை என்பதை நினைவில் வையுங்கள். சிலர் வைத்த அளவுக்கு இருபுறமும் ஒரு டிகிரி ஒரு டிகிரியாகப் பிரிப்பார்கள். சிலர் இருபுறமும் முழு 2 டிகிரி விடுவார்கள். புதிய கருவி எதுவானாலும், சென்சாரை நீரில் வைத்து மெல்லச் சூடாக்கி, பிறகு மெல்ல ஆறவிட்டு, ரிலே ‘டக்’ என்று ஒலிக்கும் இரண்டு அளவுகளையும் குறித்துக்கொள்ளுங்கள். அதுவே உண்மையான கையேடு.

பி1ஐ 0.1க்குக் குறைத்தால் வெப்பம் அசையாமல் நிற்கும் என்று பலர் நினைக்கிறார்கள். பெரும்பாலும் நிற்பதில்லை, ரிலேதான் சாகும். இத்தகைய சிறிய ரிலேக்களுக்கு முழுச் சுமையில் ஏறத்தாழ ஒரு லட்சம் இயக்கம்தான் ஆயுள். 30 நொடிக்கு ஒரு முறை எரிந்து அணைந்தால் ஒரு நாளைக்கு 2,880 முறை. 35 நாளில் லட்சம் முடிந்துவிடும். 5 நிமிடத்துக்கு ஒரு முறை என்றால் அதே ரிலே 11 மாதத்துக்கு மேல் தாங்கும்.

ரிலே விட்ட பிறகும் வெப்பம் 38க்கு ஏறுகிறது என்றால் குற்றம் பி1இல் இல்லை. ஹீட்டரின் உடலில் தங்கிய சூடு வெளியே வந்துகொண்டிருக்கிறது. குறைந்த வாட் ஹீட்டர் போடுங்கள், காற்றைச் சுழற்ற ஒரு சிறு விசிறி வையுங்கள், சென்சாரைக் காற்று வரும் வழிக்கு நகர்த்துங்கள். பிறகு பி1ஐ ஒரு டிகிரிக்குக் குறைத்துப் பாருங்கள்.

பி5 முற்றிலும் வேறு. அது நிமிடக் கணக்கு, 0 முதல் 10 வரை. கம்ப்ரஸரை இயக்குகிறீர்கள் என்றால் அதை 3க்குக் குறையாமல் வையுங்கள். நின்ற கம்ப்ரஸரின் இருபுற அழுத்தமும் சமமாவதற்குள் மறுபடி ஓடவிட்டால், மோட்டார் திணறி மின்னோட்டத்தை அள்ளி இழுக்கும். ஓவர்லோடு ட்ரிப் ஆகும். இடைவெளி ஒன்று, காத்திருப்பு ஒன்று. ஒன்று செய்யும் வேலையை மற்றது செய்யாது.

எப்படி உச்சரிப்பது? ஹிஸ்டீரியாவுக்கு இது உறவா? பன்மை உண்டா?

ஹிஸ்-ட-ரீ-ஸிஸ், அழுத்தம் ‘ரீ’யில். ஹிஸ்டீரியா, கருப்பையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது, பொருளில் தொடர்பில்லை. பெயரடை ‘ஹிஸ்டரெடிக்’. பன்மை ‘ஹிஸ்டரீஸீஸ்’, கண்ணில் படுவதே அரிது. பொருளியலிலும் இச்சொல் உலவுகிறது: மந்தநிலை தீர்ந்த பிறகும் வேலையின்மை பழைய அளவுக்கு இறங்காமல் நிற்பதை, 1986இல் பொருளியலாளர்கள் பிளான்சார்ட், சம்மர்ஸ் இருவரும் எழுதிய கட்டுரைக்குப் பின் பலர் இப்படிச் சொல்கிறார்கள். அங்கேயும் கருத்து அதுவேதான்.

அந்தி நேரத்தில் தானாக எரியும் விளக்குக்கு எல்.எம்.393 கம்பேரேட்டர் (இரு மின்னழுத்தங்களை ஒப்பிடும் சில்லு) வைத்துச் சுற்று செய்தேன். இருட்டும் நேரத்தில் ரிலே படபடவென்று அடித்துக்கொள்கிறது. கெப்பாசிட்டர் போட்டும் தீரவில்லை.

கெப்பாசிட்டர் போட்டால் சில நேரம் இன்னும் மோசமாகும். சமிக்ஞை எல்லைக் கோட்டை மிக மெதுவாகக் கடக்கும். கடக்கும் அந்த நேரமெல்லாம் சிறு இரைச்சல்கூட அதை மேலும் கீழும் தள்ளும். உங்களுக்குத் தேவை ஒரே ஒரு ரெசிஸ்டர்.

5 வோல்ட் மின்வழங்கல் என்று வைத்துக்கொள்வோம். இரண்டு 10 கிலோ ஓம் ரெசிஸ்டர்களால் 2.5 வோல்ட் எடுத்து, பிளஸ் உள்ளீட்டுக்குக் கொடுங்கள். ஒளிச் சென்சார் மைனஸ் உள்ளீட்டுக்கு. வெளியீட்டிலிருந்து பிளஸ் உள்ளீட்டுக்கு 100 கிலோ ஓம். இரண்டு 10 கிலோ ஓமும் சேர்ந்து அந்த இடத்தில் 5 கிலோ ஓம் போல நடந்துகொள்ளும். ஆகவே இடைவெளி, 5 வோல்ட்டை 5ஆல் பெருக்கி 105ஆல் வகுத்தால் வரும் 0.24 வோல்ட். வெளியீடு மேலே இருக்கும்போது எல்லை 2.62, கீழே இருக்கும்போது 2.38. இரைச்சல் உச்சத்துக்கு உச்சம் 0.1 வோல்ட் என்றால் இது தாராளம். இன்னும் அகலம் வேண்டுமானால் 100ஐ எடுத்துவிட்டு 47 கிலோ ஓம் போடுங்கள், இடைவெளி 0.48 வோல்ட் ஆகும்.

வழக்கமாகத் தவறும் இடங்கள் மூன்று. எல்.எம்.393இன் வெளியீடு தானாக மேலே எழும்பாது. அதை மேலே இழுக்க, 5 வோல்ட்டுக்கு 4.7 கிலோ ஓம் ‘புல்அப்’ ரெசிஸ்டர் கட்டாயம். வெளியீட்டிலிருந்து வரும் அந்த 100 கிலோ ஓம் பின்னூட்ட ரெசிஸ்டரை மைனஸ் உள்ளீட்டில் போட்டுவிட்டால் விளைவு நேர்மாறு, வெளியீடு நடுவில் தத்தளிக்கும். மூன்றாவது எலெக்ட்ரானிக்ஸ் அல்ல: விளக்கின் வெளிச்சமே சென்சாரில் விழுகிறதா பாருங்கள். விழுந்தால் எரிந்ததும் ‘பகல்’ என்று நினைத்து அணையும், அணைந்ததும் ‘இரவு’ என்று எரியும். அந்த வெளிச்சம் தரும் மாற்றத்தைவிட இடைவெளி பெரிதாக இருக்க வேண்டும். அதைவிட எளிது, சென்சாரைத் திருப்பிவைப்பது.

இந்த உத்திக்கு ‘ஷ்மிட் ட்ரிகர்’ என்று பெயர். அமெரிக்க ஆய்வாளர் ஆட்டோ ஷ்மிட், கணவாயின் நரம்பில் துடிப்பு பரவுவதை ஆராய்ந்தபோது கண்டதன் பலன் இது. 1938இல் கட்டுரையாக வந்தது. ரெசிஸ்டர் கணக்கெல்லாம் வேண்டாம் என்றால் 74எச்.சி.14 என்ற சில்லை வாங்குங்கள், ஆறு ஷ்மிட் ட்ரிகர்கள் உள்ளேயே இருக்கின்றன. 555 என்ற டைமர் சில்லுக்கும் இந்தக் குணம் உண்டு: மின்வழங்கலின் மூன்றில் ஒரு பங்கும் மூன்றில் இரண்டு பங்கும் அதன் இரு எல்லைகள்.

தயக்கக் கண்ணியின் பரப்பளவு ஆற்றல் இழப்பு என்று படித்தேன். டிரான்ஸ்ஃபார்மரின் இரும்பைத் தகடு தகடாக அடுக்குவது இதைக் குறைக்கத்தானா?

இல்லை. தேர்வில் அதிகம் பேர் சறுக்கும் இடம் இது. தகடாக வெட்டி இடையில் காப்புப் பூச்சு இடுவது, மாறும் காந்தப்புலம் இரும்புக்குள்ளேயே உண்டாக்கும் சுழல் மின்னோட்டத்தால் வரும் இழப்பைக் குறைக்க. தயக்க இழப்பு, இரும்புக்குள் காந்தப் பகுதிகளின் எல்லைகள் முன்னும் பின்னும் இழுபடுவதால் வருவது. அதைக் குறைப்பது உலோகத்தின் தன்மை. சிலிக்கான் கலப்பதும், உலோகத்தின் நுண்மணிகளை ஒரே திசையில் அமைப்பதும், வெட்டிய பின் சூளையில் பதப்படுத்துவதும் அதற்காக. வெட்டிய விளிம்பில் தகைவு தங்கினால் கண்ணி பருத்துவிடும்.

கண்ணி ஒரு முறை சுற்றினால் ஒரு பங்கு இழப்பு. 50 ஹெர்ட்ஸில் நொடிக்கு 50 சுற்று. எனவே காந்தப்பாய அடர்த்தி மாறாதபோது அதிர்வெண் இரட்டித்தால் தயக்க இழப்பு இரு மடங்கு, சுழல் மின்னோட்ட இழப்பு நான்கு மடங்கு. பாய அடர்த்தியின் உச்சத்தோடு இழப்பு ஏறுவதற்கு மின்பொறியாளர் ஸ்டைன்மெட்ஸ் 1890களில் சோதித்துத் தந்த அடுக்கு 1.6. உச்சத்தை 10 சதவீதம் கூட்டினால் இழப்பு சுமார் 16 சதவீதம் கூடும். இது சோதனையில் கிடைத்த தோராயம். எல்லா உலோகத்துக்கும், எல்லா அளவுக்கும் பொருந்தாது.

ஒல்லிக் கண்ணி டிரான்ஸ்ஃபார்மருக்கு, தடித்த கண்ணி நிலைக்காந்தத்துக்கு. ஒட்டிக்கொள்ளும் ஸ்க்ரூடிரைவரின் காந்தத்தை நீக்குவதும் இதே கண்ணியை வைத்துத்தான். மாறுமின்னோட்டச் சுருளுக்குள் அதை நுழைத்து, மின்சாரம் ஓடும்போதே மெதுவாக ஒரு கை நீளத்துக்கு வெளியே இழுங்கள். கண்ணி சுற்றுக்குச் சுற்று சிறுத்து நடுப்புள்ளியில் அடங்கும். உள்ளே இருக்கும்போதே சுவிட்சை அணைத்தால், அந்த நொடியில் இருந்த காந்தம் அப்படியே தங்கிவிடும். முன்பைவிட வலுவாகக்கூட.

பிரஷர் கேஜின் (அழுத்தமானியின்) விவரத்தாளில் ஹிஸ்டரீஸிஸ் 0.5 சதவீதம் என்கிறார்கள். நான் எப்படிச் சரிபார்ப்பது?

தரமான ஒப்பீட்டுக் கேஜோடு இணைத்து, முழு அளவின் 0, 25, 50, 75, 100 சதவீதங்களில் ஏறும்போது ஒரு முறையும் இறங்கும்போது ஒரு முறையும் குறியுங்கள். ஏறும்போது 50ஐத் தாண்டி 51க்குப் போய்விட்டால், வால்வைக் கொஞ்சம் திறந்து 50க்கு இறக்காதீர்கள். அது இறங்கு கணக்கில் சேர்ந்துவிடும். 45க்குக் கீழே இறக்கி மறுபடி ஏறுங்கள். முழு அளவு 100 கொண்ட கேஜில், 50இல் ஏறும்போது 49.8, இறங்கும்போது 50.3 என்றால் வித்தியாசம் 0.5, அதாவது முழு அளவில் 0.5 சதவீதம். ஐந்து புள்ளிகளில் எது பெரிதோ அதுவே கேஜின் ஹிஸ்டரீஸிஸ். பெரும்பாலும் நடுவில்தான் பெரிதாக இருக்கும்.

படிக்கும் முன் கண்ணாடியை விரலால் லேசாகத் தட்டிப் பாருங்கள். முள் குதித்தால் அது உராய்வு. பற்களையும் அச்சையும் சுத்தம் செய்தால் குறையும். தட்டியும் வித்தியாசம் நின்றால் அது கேஜுக்குள் அழுத்தத்தை உணரும் வளைந்த குழாயின் உலோகத்தில் இருப்பது. முள்ளைச் சுழியத்துக்குத் திருத்தி அதைப் போக்க முடியாது: ஏறுவரிசை சரியானால் இறங்குவரிசை அதே அளவு கெடும். அந்தக் கேஜை வைத்துக்கொண்டே வேலை நடக்க வேண்டும் என்றால், எப்போதும் கீழேயிருந்து ஏறி வந்தே அளவெடுங்கள்.