டிஐடி டக்போட்டும் டன்கர்க் தேதியும்

சகோ, உங்ககிட்ட இருக்கற பழைய டக்போட் (பெரிய கப்பலை இழுக்கற சின்னப் படகு) போட்டோல முன்பக்கம் டிஐடின்னு நம்பரோட இருக்கு, பின்னாடி 1940 டன்கர்க்னு (இரண்டாம் உலகப் போர்ல பிரான்ஸ் கரைல இருந்து படைங்களைக் கப்பல், படகுல மீட்டது) எழுதியிருக்கு, எதை நம்பறதுன்னு கேட்டிருந்தீங்க. நம்பரை நம்புங்க, ஏன்னா டிஐடிங்கற பிரிட்டிஷ் வகை நீராவி டக் முதல்ல வந்ததே 1943லதான், அதனால டன்கர்க்குக்குப் போயிருக்க வாய்ப்பே இல்ல. மொத்தம் 182 கட்டினாங்க, கப்பலே கட்டாத உள்நாட்டுப் பட்டறைங்க எட்டுத் துண்டா செஞ்சு லாரில அனுப்ப, டன்ஸ்டன் மாதிரி கப்பல் கட்டற யார்டுல வெல்டிங் பண்ணி சேர்த்தாங்க, போர் நடுவுல இப்படி யோசிச்சாங்களேன்னு எனக்கு இன்னும் பிரமிப்புதான். படத்தை ஜூம் பண்ணிப் பாருங்க, அடிப்பக்கம் வளைவு இல்லாம நேர்த்தகடு மூலையா மடிஞ்சிருந்தா சந்தேகமே வேணாம். தேடும்போது நம்பரை வச்சே தேடுங்க, அதுதான் அப்போ அதுக்குப் பேரு, போருக்கப்புறம் வாங்கினவங்க சிலர் வேற பேர் வச்சுட்டாங்க, அதனால அந்தப் பேரையும் சேர்த்துப் பாருங்க.