சாப்பாடு ஒரு ஊரை மாத்துமா? சத்துணவுக் கூடத்துல நான் பாத்தது

"சாப்பாடு சமூகத்தையும் அரசியலையும் எப்படி மாத்துது, உங்க அனுபவத்துல சொல்லுங்க"ன்னு கேட்டிருக்கீங்க. எங்க அம்மா முப்பது வருஷத்துக்கு மேல ஒரு சத்துணவு மையத்துல உதவியாளரா வேலை பாத்தவங்க, நான் அதே பள்ளிக்கூடத்துல அதே சோத்த சாப்பிட்டு படிச்சவன். அதனால இந்தக் கேள்விய பாத்துட்டு சும்மா கடந்து போக முடியல.

எங்க ஊரு கோவில்பட்டி பக்கம், கரிசக்காடு. எங்க அப்பத்தா காலத்துல வீட்டுல கம்பஞ்சோறும் சோளச்சோறும்தான், குதிரைவாலி கூட கொஞ்சம் வசதியான சாப்பாடு. அரிசி சோத்துக்கு "நெல்லுச்சோறு"ன்னு தனிப் பேரு, தீபாவளி பொங்கல்னு எண்ணி எண்ணி வருஷத்துக்கு நாலஞ்சு நாள் அது கிடைக்கும். யாரு வீட்டுல தினமும் நெல்லுச்சோறு வேகுதோ அவங்க பெரிய வீடு, அவ்வளவுதான் கணக்கு. வேற எதையும் பாக்க வேண்டாம், அடுப்புல என்ன வேகுதுன்னு பாத்தா அந்த வீடு ஊர்ல எந்த எடத்துல இருக்குன்னு தெரிஞ்சுடும்.

இத தெரிஞ்சுக்கிட்டா தான் 1967 தேர்தல் புரியும். அப்ப அரிசி கிடைக்காம ஜனங்க கடை கடையா அலைஞ்சிட்டு இருந்தாங்க, "காமராஜர் அண்ணாச்சி கடலைப்பருப்பு விலை என்னாச்சு, பக்தவத்சலம் அண்ணாச்சி அரிசி விலை என்னாச்சு"ன்னு தெருவெல்லாம் கோஷம், அண்ணா "ரூபாய்க்கு மூணு படி லட்சியம், ஒரு படி நிச்சயம்"னு சொன்னார். இந்தி எதிர்ப்புதான் பக்தவத்சலம் முதலமைச்சரா இருந்த அந்தக் காங்கிரஸ் ஆட்சிய கவுத்துச்சுன்னு இன்னைக்கு நிறைய பேர் பேசுறாங்க, அதுவும் உண்மைதான், ஆனா எங்க அப்பத்தாவுக்கு இந்தியும் தெரியாது இங்கிலீஷும் தெரியாது, அவங்க ஓட்டு போட்டது படி அரிசிக்கு. அதுக்கப்புறம் இங்க எந்தக் கட்சியும் அரிசிய தொடாம தேர்தலுக்கு போனதில்ல. 2008-ல கிலோ ஒரு ரூபா ஆச்சு, 2011-ல விலையில்லா அரிசியாச்சு.

"இலவச அரிசி வந்து ஜனங்க சோம்பேறி ஆயிட்டாங்க, வேலைக்கு ஆளே வர்றதில்ல"ன்னு சொல்றவங்க கிட்ட எனக்கு கடுமையான கோபம் உண்டு. எங்க தெருக்காரங்க யாரும் வேலைய விடல. மாறுனது என்னன்னா, வீட்டுல ஒரு மாசத்துக்கு அரிசி இருக்குன்னு தெரிஞ்ச பொம்பள முதலாளி சொன்ன கூலிக்கு தலையாட்டாம "இவ்வளவு குடுத்தா வாரேன்"னு நின்னு பேச ஆரம்பிச்சா. வயிறு காலியா இருக்கும்போது அந்தப் பேச்சு வாயில வராது. நான் சின்னப் பையனா இருக்கும்போது விடியக்காலம் வந்து வாசல்ல நின்னு "எலே, வேலைக்கு வாங்கடா"ன்னு பேர் சொல்லி கூப்பிட்ட அதே ஆளு இப்ப போன் பண்ணி எத்தன மணிக்கு வருவீங்கன்னு கேக்குறார், இதுக்குப் பின்னாடி ரேஷன் அரிசி இருக்குன்னு நான் நிச்சயமா நம்புறேன்.

சரி, இது என்ன சாப்பிடுறோம்ங்கற கதை. இதவிடப் பெரிய கதை, யார் கையால சாப்பிடுறோம், யார் பக்கத்துல உக்காந்து சாப்பிடுறோம்ங்கறது. தமிழ்நாட்டு அரசியல்ல பாதி இந்தப் பந்தியில இருந்து எழுந்து வந்ததுன்னு கூட சொல்லுவேன். சேரன்மாதேவியில வ.வே.சு. ஐயர் நடத்துன குருகுலத்த எடுத்துக்கோங்க, காங்கிரஸ் கட்சி 5,000 ரூபா குடுத்து நடந்த தேசியப் பள்ளி, அங்க பிராமணப் பையங்களுக்கு தனியா சாப்பாடு, மத்தவங்களுக்கு தனியா. விஷயம் வெளிய வந்ததும் வரதராஜுலு நாயுடுவும் பெரியாரும் அத விடல, 1925 வரைக்கும் கட்சிக்குள்ள பெரிய சண்டையா ஓடுச்சு. அதே வருஷக் கடைசியில காஞ்சிபுரம் மாநாட்டுல வகுப்புவாரி தீர்மானத்த, அதாவது எல்லா சாதிக்கும் பிரதிநிதித்துவம் வேணும்ங்கற தீர்மானத்த, எடுக்க விடலன்னு பெரியார் காங்கிரஸ விட்டே வெளிய வந்தார். வெளியேறுனதுக்கு நேர்க் காரணம் அந்தத் தீர்மானம்தான், ஆனா மனசு விட்டுப் போனதுல அந்தக் குருகுலத்து இலைக்கும் பங்கு இருக்கு. ரயில்வே ஸ்டேஷன் ஓட்டல்கள்ல கூட பிராமணர்க்கு தனி எடம், மத்தவங்களுக்கு தனி எடம்னு இருந்து, போராடிப் போராடி 1941-ல தான் அது போச்சு. எங்க ஊருக்கு அதெல்லாம் ரொம்ப தாமதமா வந்துச்சு, டீக்கடையில செரட்டையில டீ ஊத்துனது அப்பத்தாவுக்கு ஞாபகம், தனி கிளாஸ் எனக்கே ஞாபகம் இருக்கு.

இப்ப பள்ளிக்கூடத்துக்கு வாரேன். பள்ளியில சோறு போடுறது காமராஜர்ல ஆரம்பிச்சதுன்னு நெனைப்போம், அதுக்கும் முன்னாடி 1920-லயே சென்னை மாநகராட்சியில தியாகராய செட்டியார் தலைவரா இருந்தப்ப ஆயிரம் விளக்குல ஒரு பள்ளியில போட்டுருக்காங்க, ஒரு பிள்ளைக்கு ஒரு அணாவுக்கு மேல போகக்கூடாதுன்னு கணக்கு. காமராஜர் மதிய உணவு திட்டத்த 1956-ல எட்டயபுரத்துல ஆரம்பிச்சார், எங்க ஊர்ல இருந்து பஸ்ஸுல போற தூரம், அதுல எங்க பக்கத்து ஆளுங்களுக்கு இன்னைக்கும் ஒரு பெருமை. 1982 ஜூலை 1 அன்னைக்கு எம்ஜிஆர் திருச்சி பக்கம் பாப்பாக்குறிச்சியில சத்துணவா பெருசாக்கினார். அப்ப நிறைய பேர் இவ்வளவு காசுக்கு எங்க போவாங்கன்னு கேட்டாங்க. 2001 நவம்பர்ல சுப்ரீம் கோர்ட்டு நாடு முழுக்க எல்லா மாநிலமும் அரசுப் பள்ளியில சமைச்ச சாப்பாடு போடணும்னு உத்தரவு போட்டுச்சு, இங்க அதுக்குள்ள ஒரு தலைமுறை சாப்பிட்டு வளந்தாச்சு.

எங்க அம்மா 84-ல சேர்ந்தாங்க. சமையலர் ஒருத்தங்க, உதவியாளர் அம்மா, மேல அமைப்பாளர் ஒருத்தர். விறகு அடுப்பு, புகையில கண்ணு எப்பவும் செவந்தே இருக்கும், மத்தியானம் மணி அடிச்சா பிள்ளைங்க தட்ட தூக்கிட்டு ஓடி வந்து வரிசையா வராண்டாவுல உக்காரும், ஆயா ஆயான்னு ஒரே சத்தம். நாங்க எந்தத் தெருன்னு நான் எழுத வேண்டாம், இவ்வளவு படிச்சதுலயே புரிஞ்சிருக்கும். அம்மா கை பட்ட சோறுங்கறதுக்காக ஒரு ஏழெட்டுப் பிள்ளைங்க சாப்பிடாம மத்தியானம் வீட்டுக்குப் போயிட்டு வரும், தூரமா இருக்குறது தூக்குச்சட்டி கொண்டு வந்து வேப்பமரத்தடியில உக்காந்து சாப்பிடும். பிள்ளைங்களுக்கு அதுல ஒண்ணும் இல்ல, வீட்டுல சொல்லி அனுப்புறது.

1989-ல கலைஞர் ஆட்சியில முட்டை வந்துச்சு. ரெண்டு வாரத்துக்கு ஒண்ணுதான், ஆனா அந்த ஒரு முட்டைக்கு நாங்க நாள் எண்ணுவோம். நான் மூணாம் வகுப்பு. அன்னைக்கு தூக்குச்சட்டி பிள்ளைங்களும் வரிசையில வந்து நின்னுச்சுங்க. சோறு வேண்டாம், முட்டை மட்டும். என் பக்கத்துல உக்காந்து படிக்கிற பையன் ஒருத்தன், அவன்கிட்ட "சோறு ஏன்டா வாங்கல"ன்னு கேட்டேன். அவன் எந்தக் கெட்ட எண்ணமும் இல்லாம, கணக்குப் பாடம் சொல்லித் தர்ற மாதிரி சொன்னான்: "சோறுல கை படும்லடா, முட்டைக்குத்தான் ஓடு இருக்கே, உள்ள கை படாதுன்னு எங்கம்மா வாங்கிக்கச் சொல்லுச்சு."

அந்த வயசுல அது எனக்கு சரியான காரணமாவே பட்டுச்சு, அதத்தான் இன்னைக்கு நெனச்சா தாங்க முடியல. வீட்டுக்குப் போயி அம்மாகிட்ட அப்படியே சொன்னேன். அம்மா ஒண்ணும் பேசல, அவங்களுக்கு ஏற்கனவே தெரியும். அதுக்கப்புறமும் முட்டை போடுற நாள்ல அந்தப் பிள்ளைங்களுக்கு ஓடு வெடிக்காத முட்டையா பாத்து பாத்து எடுத்துக் குடுப்பாங்க, வெடிச்சிருந்தா அதுங்க வீட்டுல திட்டு வாங்கும்னு.

மாறுனது எப்படின்னு கேட்டா, ஒரு வாத்தியார். வெளியூர்ல இருந்து மாத்தலாகி வந்தவர், நாங்க யாரும் கேக்காமலே தினமும் ஒரு தட்டோட வந்து வராண்டாவுல பிள்ளைங்களுக்கு நடுவுல சம்மணம் போட்டு உக்காந்து அம்மா போட்ட சோத்த சாப்பிட்டார். பிரசங்கம் எல்லாம் பண்ணல. ஊர்ல இருந்து ரெண்டு பேர் வந்து பேசிப் பாத்தாங்க, "நான் சாப்பிடுறதுக்கு கணக்குல காசு கட்டிட்டுத்தான் சாப்பிடுறேன்"னு மட்டும் சொன்னார். வாத்தியாரே சாப்பிடுறாரேன்னு பிள்ளைங்க வீட்டுல சண்டை போட்டுச்சு, ஒரு வருஷத்துல வேப்பமரத்தடியில ரெண்டு பேருதான் மிச்சம். சட்டம் போட்டதும் சோறு போட்டதும் சர்க்காரு, ஆனா பக்கத்துல உக்கார ஒரு மனுஷன் வேண்டியிருந்துச்சு.

இதெல்லாம் பழைய கதைன்னு நெனச்சா தப்பு. 2018-ல திருப்பூர் மாவட்டத்துல அவிநாசி பக்கம் ஒரு பட்டியலின அம்மா சத்துணவு சமைக்கக் கூடாதுன்னு பள்ளிய பூட்டுற வரைக்கும் போச்சு, முதல்ல மாத்தல் போட்டது அந்த அம்மாவுக்குத்தான், அப்புறம் எதிர்ப்பு வந்து அத ரத்து பண்ணாங்க. 2022 செப்டம்பர் 15-ல மதுரையில காலை உணவு திட்டம் ஆரம்பிச்சு அடுத்த வருஷம் எல்லா ஊருக்கும் வந்தப்ப, எங்க தூத்துக்குடி மாவட்டத்துலயே ஒரு பள்ளியில இதே பிரச்சனை, கனிமொழி எம்பி போயி பிள்ளைங்களோட உக்காந்து சாப்பிட்டாங்க. எங்க வாத்தியார் பண்ணுன அதே வேலை, என்ன, இந்த தடவ கேமரா இருந்துச்சு. இருந்தது நல்லதுதான், நாலு ஊரு பாக்கட்டும்.

போன தடவ ஊருக்குப் போனப்ப ஒரு புதன்கிழமை காலையில அம்மாவ கூட்டிட்டு அந்தப் பள்ளிக்குப் போனேன். பொங்கலும் சாம்பாரும், கேஸ் அடுப்பு, புகை இல்ல, அம்மா அந்த அடுப்பதான் ரொம்ப நேரம் பாத்துட்டு நின்னாங்க. மகளிர் குழுவுல இருந்து வந்து சமைக்கிற பொண்ணு அம்மாவுக்கு ஒரு தட்டு போட்டுக் குடுத்துச்சு. முட்டை கதை சொன்ன என் பழைய சினேகிதனோட மகளும் அங்கதான் படிக்குது, வரிசையில நாலாவதா உக்காந்து ரெண்டாவது தடவ சாம்பார் கேட்டுட்டு இருந்துச்சு. "இப்ப எல்லாரும் சாப்பிடுறாங்களாம்மா"ன்னு அம்மா கேட்டதுக்கு அந்தப் பொண்ணு கரண்டிய வச்சிட்டு, "ரெண்டு பேரு மட்டும் வீட்டுலயே சாப்பிட்டு வர்றாங்க பெரியம்மா"ன்னு சொல்லுச்சு. எந்த வீடுன்னு அம்மா கேக்கல.