அப்பாவின் பெயரை எப்படி எழுதியிருக்கிறார்கள், பார்த்தாயா?

கேள்வி: மும்பையில் ஒரு அரசு நிறுவனத்தின் குவார்ட்டர்ஸில் என் அப்பா 19 வருடமாக கான்ட்ராக்டில் துப்புரவு வேலை செய்கிறார். பர்மனன்ட் ஆக்கச் சொல்லி யூனியன் போட்ட கேஸ் தொழில் நீதிமன்றத்தில் இழுத்துக்கொண்டே போகிறது. வாய்தா அன்றெல்லாம் கூலி போகிறது. 2 லட்சம் தருகிறேன், விலகிக்கொள் என்கிறார் கான்ட்ராக்டர். அப்பாவின் பெயர் வேறு ஒவ்வொரு காகிதத்திலும் ஒவ்வொரு மாதிரி இருக்கிறதாம், வக்கீல் சலித்துக்கொள்கிறார். எனக்கு நல்ல வேலை, வீட்டில் பெண் பார்க்கிறார்கள். “போதும், விட்டுடுங்க” என்று அப்பாவிடம் எப்படி எடுத்துச் சொல்வது?
- வாசகர், சயான் கோலிவாடா

பதில்: அதற்கு நான் வழி சொல்ல மாட்டேன், தம்பி.

கான்ட்ராக்டர், கூலி, கல்யாணம் எல்லாம் உனக்குத் தெளிவாகத் தெரிந்திருக்கிறது. பெயர் விஷயம் மட்டும் “இருக்கிறதாம்”. அப்படியென்றால் அந்தக் காகிதங்களை நீ ஒரு தடவைகூட எடுத்துப் பார்த்ததில்லை. ஆபீஸில் நாள் பூரா கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்கிற பிள்ளைக்கு, தன்னைப் படிக்க வைத்தவரின் பெயரை நாலு சீட்டில் ஒத்துப் பார்க்க நேரமில்லையா?

நம் ஆட்கள் இனிஷியலோடு வருவார்கள். இங்கே ஹாஜரி, அதாவது வருகைப் பதிவு எழுதுகிற முக்காதம் (மேஸ்திரி) காதில் விழுந்ததை மராட்டியில் எழுதுவார். மாரியப்பன் மரியப்பா ஆகிவிடுவார், பி.எஃப். சீட்டில் தகப்பன் பெயர் சர்நேமாகி நிற்கும், ஆதாரில் இன்னொரு மாதிரி.

இது சின்ன விஷயம் இல்லை. மும்பை மாநகராட்சியின் 2,700 ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளர்களுக்காக கச்ரா வாஹதூக் ஷ்ரமிக் சங்கம் என்ற தொழிற்சங்கம் வருடக்கணக்கில் வழக்கு நடத்தியது. அந்த கான்ட்ராக்டே வெறும் கண்துடைப்பு என்று முடிவாகி, அவர்களை நிரந்தரமாக்கச் சொன்ன உத்தரவை 2017 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. அவ்வளவு பெரிய தீர்ப்பை வாங்கிய பிறகும், பட்டியலில் இருக்கிற பெயரும் அட்டையில் இருக்கிற பெயரும் ஒத்துப்போகவில்லை என்று அதில் பலர் வேலைக்காக வருடக்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். ஜெயித்தவர்களுக்கே இந்தக் கதி.

கேஸ் சுலபம் என்று நான் சொல்லவில்லை. 240 நாள் வேலை பார்த்தால் பர்மனன்ட் என்று ஏரியாவில் சொல்வார்கள், அந்த 240 நாளையே முதலில் தொழிலாளிதான் நிரூபிக்க வேண்டும். 2006-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன உமாதேவி தீர்ப்புக்குப் பிறகு, இத்தனை வருடம் உழைத்தேன் என்பதை மட்டும் வைத்து அரசு வேலையை நிரந்தரமாகக் கேட்க முடியாது. ஆனால் மத்திய நீர் ஆணையத்தில் பல வருடம் பெருக்கித் துடைத்துத் தோட்டம் பார்த்தவர்களை நிரந்தரமாக்கச் சொன்னதும் உச்ச நீதிமன்றம்தான், 2024 டிசம்பரில். உமாதேவி தீர்ப்பைக் காட்டி நெடுநாள் உழைத்தவர்களைக் கைவிடுவது தவறு என்றும் சொன்னது. சரி, உன் அப்பா கேஸில் ஒன்றுமே இல்லையென்றால் கான்ட்ராக்டர் ஏன் 2 லட்சம் எடுத்து நீட்டுகிறார்?

நான் சம்பாதிக்கிறேனே, அவருக்கு இனி எதற்கு என்று நினைக்கிறாய். அது உன் சம்பளம். பெற்றவர் பேசாமல் இருந்தால் சம்மதித்துவிட்டார் என்று எடுத்துக்கொள்ளும் பிள்ளைகளை நிறையப் பார்த்துவிட்டேன், எனக்கு அது ஒருநாளும் பிடித்ததில்லை. பெண் வீட்டார் கேட்டால் கேஸ் நடக்கிறது என்று சொல். அதற்கு முகம் சுளிக்கிற வீட்டுச் சம்பந்தம் உனக்கு வேண்டாம்.

இந்த ஞாயிற்றுக்கிழமை அப்பாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு கூலிச் சீட்டு, கேட் பாஸ், பி.எஃப்., ஆதார், பேங்க் பாஸ்புக் எல்லாவற்றையும் எடு. எதில் பெயர் எப்படி இருக்கிறது, எந்த வருடத்துச் சீட்டு என்று ஒரு தாளில் எழுது. பழைய சீட்டில் பேனா வைத்துத் திருத்திவிடாதே, அது கேஸையே கெடுத்துவிடும். எல்லாம் ஒரே ஆள்தான் என்று பிரமாணப் பத்திரம் போடுவதைப் பற்றி வக்கீலிடம் நீயே பேசு. அப்புறம் அடுத்த வாய்தாவுக்கு லீவு போட்டு அவரோடு போ. அங்கே அவரை எந்தப் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள் என்று கேட்டு, அதையும் அந்தத் தாளில் எழுதிக்கொள்.