கியாரோஸ்தமியின் பல கைத்தொழில்கள்: கேள்வி பதில்

கே: சார், ஈரானியத் திரைப்பட இயக்குநர் அப்பாஸ் கியாரோஸ்தமி முதலிலேயே இயக்குநராக வந்தவரா?

ப: இல்லை. டெஹ்ரான் பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்தவர். படிக்கும்போதே போக்குவரத்துக் காவல் துறையில் வேலை பார்த்தார். அப்புறம் போஸ்டர் வரைந்தார், 1960களில் ஏராளமான விளம்பரப் படங்கள் எடுத்தார். 1969இல் வந்த 'கெய்சர்' படத்தின் டைட்டில் காட்சி இவர் செய்ததுதான்.

கே: முதல் படம் எது?

ப: 1970இல் 'ரொட்டியும் சந்தும்'. சிறுவர்களுக்கான 'கானூன்' நிறுவனத்துக்காக எடுத்த குறும்படம். ரொட்டியோடு வீடு திரும்பும் பையனைச் சந்தில் ஒரு நாய் மறிக்கிறது. பையன் ஒரு துண்டு ரொட்டியைப் பிய்த்துப் போடுகிறான். அவ்வளவுதான், நாய் வாலாட்டிக்கொண்டு வீட்டு வாசல்வரை கூடவே வந்துவிடுகிறது. அவன் உள்ளே போனதும் வாசலிலேயே படுத்துக்கொள்கிறது. அதை வெட்டாமல் ஒரே ஷாட்டாக எடுத்தே தீருவேன் என்று நின்றார். துண்டு துண்டாக எடுக்கலாம் என்ற ஒளிப்பதிவாளரிடம் அவர் இறங்கி வரவில்லை. சரியான முடிவு என்றே நான் நினைக்கிறேன்.

கே: 'செர்ரியின் சுவை' படத்தில் காருக்குள் அத்தனை பேச்சு. எப்படி எடுத்தார்கள்?

ப: பேசிக்கொள்ளும் இருவரும் ஒரே நேரத்தில் காரில் இல்லை! ஒருவரைப் படமெடுக்கும்போது எதிர் இருக்கையில் கியாரோஸ்தமியே உட்கார்ந்து பேச்சுக் கொடுத்தார். பிறகு இடம் மாறி மற்றவரை எடுத்தார். இரண்டையும் கோத்த எடிட்டரும் அவரே. நாயகன் ஹோமாயூன் எர்ஷாதி தொழிலால் கட்டடக் கலைஞர். சாலை நெரிசலில் அவருடைய கார்க் கண்ணாடியைத் தட்டி நடிக்க அழைத்தார் கியாரோஸ்தமி. 1997 கான் திரைப்பட விழாவில் இந்தப் படத்துக்கு முதல் பரிசான தங்கப் பனை விருது, ஜப்பானிய இயக்குநர் இமாமுராவோடு பகிர்ந்துகொண்டது.

கே: மற்றவர்களுக்கு எழுதியிருக்கிறாரா?

ப: இன்னொரு ஈரானிய இயக்குநரான ஜாஃபர் பனாஹிக்கு 'வெள்ளை பலூன்' (1995), 'செந்தங்கம்' (2003). பனாஹி இவரிடம் உதவி இயக்குநராக இருந்தவர்.

கே: அண்ணா, நான் ஒன்றுமே பார்த்ததில்லை. எதில் தொடங்கலாம்?

ப: 'நண்பனின் வீடு எங்கே?' (1987). தவறுதலாக எடுத்துவந்த நண்பனின் நோட்டைத் திருப்பிக் கொடுக்க ஒரு பையன் மலையேறி அடுத்த ஊருக்கு ஓடுகிறான். நோட்டு இல்லாவிட்டால் நண்பனைப் பள்ளியை விட்டே அனுப்பிவிடுவார்கள். நண்பன் வகுப்பில் அழும்போது பக்கத்தில் இருக்கும் இவன் முகத்தைப் பாருங்கள். பார்த்த கையோடு, இதன் தொடர்ச்சியாக 1992இல் வந்த 'வாழ்க்கை தொடர்கிறது' படத்தையும் பார்த்துவிடுங்கள். 1990 ஈரான் நிலநடுக்கத்துக்குப் பிறகு, முந்தைய படத்தில் நடித்த அந்தப் பையன்கள் உயிரோடு இருக்கிறார்களா என்று தேடி ஓர் இயக்குநர் தன் மகனோடு காரில் போகிற படம் அது.