கெய்ரோ லைப்ரரி இல்லை என்று பைதான் சொன்னால் என்ன செய்வது?

கேள்வி: பள்ளி விழாவுக்கு 300 சான்றிதழ் தயாரிக்கிறேன். எஸ்விஜி படத்தில் (கோடும் எழுத்தும் உரையாகவே சேமிக்கப்படும் படவகை) மாணவர் பெயரை மாற்றி, கெய்ரோஎஸ்விஜி என்ற பைதான் பேக்கேஜ் மூலம் பிடிஎஃப் ஆக்குவது என் திட்டம். பைதான் பேக்கேஜ்களை நிறுவும் பிப் வழியாகச் சிக்கலில்லாமல் இன்ஸ்டால் ஆனது. ஓட்டினால் ‘கெய்ரோ-2 என்ற லைப்ரரி இல்லை’ என்கிறது. ஏதோ ஒரு தளத்திலிருந்து லிப்கெய்ரோ-2.டிஎல்எல் என்ற லைப்ரரிக் கோப்பை இறக்கி, விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டரில் போட்டேன். இப்போது 0எக்ஸ்7இ என்ற பிழை வருகிறது. கோப்பு அங்கேதானே இருக்கிறது?

பதில்: முதல் வேலையாக அந்தக் கோப்பை சிஸ்டம்32-இலிருந்து நீக்கிவிடுங்கள். யார் தொகுத்தது, உள்ளே என்ன சேர்த்தார்கள் என்று தெரியாத டிஎல்எல்லை விண்டோஸின் மையத்தில் வைத்திருப்பது ஆபத்து. பிழை தீர்ந்திருந்தாலும் இதையேதான் சொல்லியிருப்பேன்.

பிப் உங்களுக்குத் தந்தது பைதான் பகுதியை மட்டும். கோடு, வளைவு, நிறம் எல்லாவற்றையும் உண்மையில் வரைவது கெய்ரோ என்ற சி மொழி லைப்ரரி. கீத் பேக்கார்டும் கார்ல் வொர்த்தும் தொடங்கியது. முதலில் எக்ஸ்ஆர் என்று பெயர். அந்த இரண்டு எழுத்தையும் கிரேக்கத்தின் கை, ரோ என்று படித்ததில்தான் கெய்ரோ வந்தது. பல மென்பொருள்கள் ஒரே கோப்பைப் பகிர்ந்துகொள்ளும்படி இது தனியாக நிறுவப்படும். பிப் அதைக் கொண்டுவராது.

சரி, கோப்பு இருந்தும் ஏன் பிழை? கெய்ரோ தனியாள் இல்லை. பிக்சல்களைக் கலக்க பிக்ஸ்மேன், எழுத்துருவைத் திறக்க ஃப்ரீடைப், எந்த எழுத்துரு எங்கே என்று தேட ஃபான்ட்கான்ஃபிக், அப்புறம் பிஎன்ஜி படங்களுக்கு லிப்பிஎன்ஜி, தரவைச் சுருக்க இசட்லிப் என்று ஒரு கூட்டமே அதனுடன் வர வேண்டும். அவற்றில் ஒன்று இல்லாவிட்டாலும் விண்டோஸ் அதே 0எக்ஸ்7இ பிழையைத்தான் காட்டும். இல்லாத கோப்பின் பெயரைச் சொல்லாது. பலர் ஒரு நாள் முழுக்க வீணாக்குவது இந்த இடத்தில்தான். 0எக்ஸ்சி1 என்று வந்தால் கதை வேறு: 64 பிட் பைதானுக்கு 32 பிட் டிஎல்எல்லைக் கொடுத்திருக்கிறீர்கள்.

பெயரிலுள்ள 2-ஐப் பார்த்து ‘கெய்ரோ 2-ஆம் பதிப்பு’ என்று தேடவும் வேண்டாம். அப்படி ஒன்று வெளியாகவில்லை. லினக்ஸ் வகையான உபுண்டுவில் பார்த்தால், டிஎல்எல்லின் இடத்தில் இருக்கும் லிப்கெய்ரோ.எஸ்ஓ.2 என்பது வெறும் இணைப்புதான். அது சுட்டும் உண்மையான கோப்பு லிப்கெய்ரோ.எஸ்ஓ.2.11600.0 என்று இருந்தால், உங்களிடம் இருப்பது 1.16.0 பதிப்பு. பழைய மென்பொருளும் புதிய லைப்ரரியும் ஒத்துப்போகும் வரை அந்த 2 மாறாது.

விண்டோஸில் இத்தகைய லைப்ரரிகளைத் தொகுத்துத் தரும் எம்சிஸ்2-ஐ நிறுவி, அதன் பேக்கேஜ் நிறுவியான பேக்மேன் மூலம் யூசிஆர்டி64 பிரிவிலுள்ள லிப்ஆர்எஸ்விஜி (எஸ்விஜியை வரையும் லைப்ரரி) பேக்கேஜைப் போடுங்கள். கெய்ரோவும் அதன் கூட்டமும் ஒன்றுக்கொன்று பொருந்தும் பதிப்புகளில் சேர்ந்தே வந்துவிடும். பிறகு சி டிரைவில் எம்சிஸ்64, அதற்குள் யூசிஆர்டி64, அதற்குள் பின் என்ற ஃபோல்டரை, விண்டோஸ் நிரல்களையும் டிஎல்எல்களையும் தேடும் பாத் பட்டியலில் சேர்த்து, டெர்மினலை மூடிப் புதிதாகத் திறங்கள். ஏற்கெனவே திறந்திருக்கும் ஜன்னலுக்குப் புதிய பாத் தெரியாது. உபுண்டு சர்வர் என்றால், இந்தப் பிழை தீர அதன் பேக்கேஜ் நிறுவியான ஆப்ட் மூலம் லிப்கெய்ரோ2 போட்டாலே போதும். டெவ் என்று முடியும் பேக்கேஜ் தேவையில்லை.

கெய்ரோ போதுமே, லிப்ஆர்எஸ்விஜி எதற்கு என்று கேட்பீர்கள். உங்கள் சான்றிதழில் தமிழ்ப் பெயர்கள் இருக்கும் என்பதால்தான். தமிழில் கொம்பு, மெய்யெழுத்துக்குப் பிறகு சேமிக்கப்பட்டாலும் அதற்கு முன்னால் வரையப்பட வேண்டும். ‘கோ’வில் குறி இரண்டாகப் பிரிந்து இருபுறமும் நிற்க வேண்டும். இந்த அடுக்கும் வேலையைச் செய்வது ஹார்ஃப்பஸ். அதை அழைப்பது பாங்கோ. கெய்ரோவின் எளிய எழுத்து வசதிக்கு இந்த வித்தை தெரியாது, கெய்ரோஎஸ்விஜி பாங்கோவைப் பயன்படுத்துவதும் இல்லை. அதனால் டிஎல்எல் சிக்கல் தீர்ந்த மறுநிமிடம் உங்கள் பெயர்கள் உடைந்து நிற்கும். லிப்ஆர்எஸ்விஜி பாங்கோ வழியாகப் போகிறது. எனவே, எஸ்விஜியில் பெயரை மாற்றும் வேலையை மட்டும் பைதானிடம் விட்டுவிட்டு, பிடிஎஃப் ஆக்குவதை அதன் ஆர்எஸ்விஜி-கன்வர்ட் கட்டளையிடம் கொடுங்கள். உபுண்டுவில் அந்தக் கட்டளை லிப்ஆர்எஸ்விஜி2-பின் பேக்கேஜில் கிடைக்கும்.

எழுத்துக்குப் பதில் கட்டங்கள் வந்தால் அந்தக் கணினியில் தமிழ் எழுத்துரு இல்லை என்று அர்த்தம். நோட்டோ சான்ஸ் தமிழைப் போட்டு, எஸ்விஜியிலும் அதே பெயரைக் குறிப்பிடுங்கள்.

300-ஐயும் ஓட்டுவதற்கு முன் கௌரி, ஜோதி, செல்வி, பொன்னையா என்று நான்கு பெயர்களை மட்டும் மாற்றி, பிடிஎஃப்பைப் பெரிதாக்கிப் பாருங்கள். கொம்பும் காலும் அதனதன் இடத்தில் இருந்தால் மீதியை அச்சுக்கு அனுப்பலாம்.