பங்காளி பெயர் வெளியே தெரியக் கூடாது: தளபதி கிரீனும் வியாபாரி வாட்ஸ்வொர்த்தும் – கேள்வி பதில்

அமெரிக்க விடுதலைப் போரின்போது நதானியேல் கிரீன் என்ற தளபதியும் ஜெரமையா வாட்ஸ்வொர்த் என்ற வியாபாரியும் எழுதிக்கொண்ட கடிதங்களைப் பற்றிப் போன வாரம் இரண்டு வரி சொல்லியிருந்தேன். அதற்கு இத்தனை கேள்விகள் வரும் என்று எதிர்பார்க்கவில்லை. பல வருடம் கணக்குத் தணிக்கை வேலை பார்த்தவன் நான். கொள்முதல் என்றாலே காது நிமிரும். இந்தக் கடிதங்களுக்குள் போனதும் அப்படித்தான். முடிந்தவரை எல்லாருக்கும் பதில் சொல்கிறேன்.

கேள்வி: முதலில், இவர்கள் யார்? எனக்கு வாஷிங்டனைத் தவிர யாரையும் தெரியாது சார்.

கிரீன் ரோட் ஐலண்டுக்காரர், 1742-இல் பிறந்தவர். போரை ஏற்காத குவேக்கர் என்ற கிறிஸ்தவப் பிரிவுக் குடும்பம், இரும்புப் பட்டறையில் கப்பல் நங்கூரம் அடிப்பது குலத்தொழில். போரில் வாஷிங்டன் மிகவும் நம்பிய தளபதிகளில் ஒருவர். 1778 மார்ச்சில், வேலி ஃபோர்ஜ் முகாமில் படை குளிரிலும் பசியிலும் வாடிக்கொண்டிருந்தபோது, அவரைக் குவார்ட்டர்மாஸ்டர் ஜெனரல் ஆக்கினார்கள். வண்டி, குதிரை, தீவனம், கூடாரம், முகாம் எல்லாம் அவர் பொறுப்பு.

வாட்ஸ்வொர்த் கனெக்டிகட்டின் ஹார்ட்ஃபோர்டைச் சேர்ந்தவர். கப்பல் தலைவராக இருந்து வியாபாரத்துக்கு வந்தவர். அதே 1778 வசந்தத்தில் கொள்முதல் கமிசரி ஜெனரல் ஆனார். சிப்பாய் சாப்பிடும் மாட்டிறைச்சியும் மாவும் அவர் வாங்க வேண்டும். ஒருவர் வாங்குகிறார், இன்னொருவர் வண்டி கட்டிக் கொண்டுபோய்ச் சேர்க்கிறார். அதனால் கடிதம் எழுதாமல் ஒரு வாரம்கூட ஓட்ட முடியாது.

கேள்வி: ‘ரகசியக் கடிதம்’ என்றீர்களே, அதில் அப்படி என்ன இருக்கிறது?

1779 ஏப்ரல். கிரீன் நியூ ஜெர்சியில் மிடில்புரூக் முகாமில் இருக்கிறார். அவரும் வாட்ஸ்வொர்த்தும் பார்னபஸ் டீன் என்ற வியாபாரியும் சேர்ந்து ஒரு கூட்டு வியாபாரம் தொடங்குகிறார்கள். கம்பெனிக்கு டீனின் பெயர் மட்டும்தான். அதைப் பற்றி கிரீன் எழுதுவதன் சாரம் இது: பங்காளிகள் யார் என்பது நம் மூவரைத் தவிர ஒரு மனிதருக்கும் தெரியக் கூடாது. டீன் தன் அண்ணனிடம்கூடச் சொல்ல வேண்டாம். நாம் எவ்வளவு நேர்மையாக நடந்தாலும் உலகம் சந்தேகப்படும். இந்தப் பதவியில் இருக்கும்வரை வியாபாரத்தில் நம் முகம் தெரியாமல் இருப்பதே நல்லது. கடிதங்களில் புனைபெயர் வைத்துக்கொள்ளலாம், சங்கேத எண்களும் வேண்டும் என்கிறார்.

அந்த அண்ணன் சாதாரண ஆள் இல்லை என்பதைக் கவனியுங்கள். அவர் சைலஸ் டீன். பிரான்சுக்குப் போய் ஆயுதம் வாங்கி அனுப்பியவர். பொதுப் பணத்தில் சொந்த லாபம் பார்த்தார் என்று அவர் மேல் குற்றச்சாட்டு. 1778 டிசம்பரில் அவரே பத்திரிகையில் பதிலடி கொடுக்க, காங்கிரஸே (அன்று போரை நடத்திய அமெரிக்கப் பிரதிநிதிகள் சபை) இரண்டாகப் பிளந்து சண்டை போட்டது. அந்தச் சூடு ஆறுவதற்குள் அதே குடும்பத்துத் தம்பியோடு கூட்டுச் சேர்கிறார்கள். பயம் எங்கிருந்து வந்தது என்று இப்போது புரியும்.

கேள்வி: அப்போ திருட்டு என்று நேராகச் சொல்லிவிடலாமே அண்ணா? ஏன் சுற்றி வளைக்கிறீர்கள்?

திருட்டு என்று சொல்ல மாட்டேன். ஆனால் சரி என்றும் சொல்ல மாட்டேன். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

கிரீனுக்கும் அவருடைய இரண்டு உதவியாளர்களுக்கும் சேர்த்து, துறை செலவழிக்கும் பணத்தில் நூற்றுக்கு 1 பங்கு கமிஷன். மூவரும் பிரித்துக்கொள்ள வேண்டும். இது காங்கிரஸே ஒப்புக்கொண்ட ஏற்பாடு. ஆனால் விலை ஏற ஏறக் கமிஷன் தொகையும் ஏறும். அப்புறம் ஜனங்கள் என்ன நினைப்பார்கள்? விலையை ஏற்றிவிடுவதே இவர்கள்தான் என்று நினைத்தார்கள்.

உண்மையில் விலை ஏறியது காகிதப் பணத்தால். காங்கிரஸ் அச்சடித்துக்கொண்டே போனது. 1779 செப்டம்பரில்தான் 20 கோடி டாலருக்கு மேல் போகாது என்று முடிவெடுத்தார்கள். 1780 மார்ச்சில் 40 காகித டாலருக்கு 1 வெள்ளி டாலர் என்று அரசே ஒப்புக்கொண்டது. இப்படிப்பட்ட பணத்தைப் பெட்டியில் வைத்திருந்தால் கரைந்துவிடும். சரக்கு, கப்பல், நிலம் என்று எதிலாவது போட்டாக வேண்டும். கிரீன் வியாபாரத்தில் இறங்கியதற்கு இது பெரிய காரணம்.

அந்தக் காலத்தில் அரசு வேலையும் சொந்த வியாபாரமும் ஒரே கையில் இருப்பது புதிதும் இல்லை. 1781-இல் ராபர்ட் மோரிஸை நிதிப் பொறுப்பாளராகக் கூப்பிட்டபோது, என் வியாபாரத் தொடர்புகளை விடமாட்டேன் என்று வெளிப்படையாகவே நிபந்தனை போட்டார். காங்கிரஸ் ஒத்துக்கொண்டது.

என் மனத்தில் முள்ளாகக் குத்துவது அந்த ‘வெளிப்படையாக’ என்ற சொல்தான். மோரிஸ் கேட்டு வாங்கியதை கிரீன் மறைத்தார். படைக்கு வாங்குகிறவர் விற்கிறவர் பக்கத்திலும் பெயர் தெரியாமல் உட்கார்ந்திருந்தால், அவர் கொடுத்த விலை சரியா என்று யார் சரிபார்ப்பது? பங்காளி பெயர் இல்லாத பேரேட்டை வைத்துக்கொண்டு எந்தத் தணிக்கையாளராலும் ஒன்றும் செய்ய முடியாது. கிரீனை நான் மிகவும் மதிக்கிறேன். அதனாலேயே இந்தக் கடிதம் ஒவ்வொரு முறையும் வருத்தம் தருகிறது.

கேள்வி: எதிரி கையில் கடிதம் சிக்கவில்லையா?

அந்த ஆபத்து நிஜம். 1776 செப்டம்பர் முதல் 1783 நவம்பர் வரை நியூயார்க் நகரம் பிரிட்டிஷ்காரர்களிடம் இருந்தது. நியூ ஜெர்சியிலிருந்து ஹார்ட்ஃபோர்டுக்குப் போகும் கடிதம் அந்த நகரத்தைச் சுற்றி, வடக்கே ஹட்சன் ஆற்றைக் கடந்துதான் போகும். அவசரமானால் குதிரைத் தூதர் எடுத்துப்போவார். உறை கிடையாது. தாளையே மடித்து அரக்கு முத்திரை வைப்பார்கள்.

சைலஸ் டீனின் கடிதங்களையே பிரிட்டிஷ்காரர்கள் 1781-இல் நியூயார்க் பத்திரிகையில் அச்சிட்டு அவர் பெயரையே கெடுத்தார்கள். சங்கேத எண் ஒன்றும் வீண் பயம் இல்லை. ஆனால் கிரீன் அதிகம் பயந்தது பிரிட்டிஷ்காரர்களை அல்ல, தன் சொந்த ஜனங்களை.

கேள்வி: எப்போதும் பணமும் சரக்கும்தானா? மனிதர்களாக எதுவும் பேசிக்கொள்ளவே இல்லையா?

பேசிக்கொண்டார்கள், நிறைய! எனக்குப் பிடித்த கடிதமே 1779 மார்ச்சில் கிரீன் வாட்ஸ்வொர்த்துக்கு எழுதியதுதான். தன் ஜாகையில் சின்னதாக ஒரு நடன விருந்து நடந்ததாம். வாஷிங்டனும் கிரீனின் மனைவி கேத்தரினும் மூன்று மணி நேரத்துக்கு மேல் ஒருமுறைகூட உட்காராமல் ஆடினார்களாம். வாஷிங்டன் வரலாற்றில் எல்லாரும் எடுத்துச் சொல்லும் அந்தக் காட்சி நமக்குக் கிடைத்தது ஒரு வியாபாரிக்குப் போன கடிதத்தில்.

கேள்வி: கடைசியில் லாபம் யாருக்கு?

வாட்ஸ்வொர்த்துக்கு. 1780 ஜூலையில் அமெரிக்கர்களுக்கு உதவ வந்த ரோஷம்போ என்ற தளபதியின் பிரெஞ்சுப் படை ரோட் ஐலண்டின் நியூபோர்ட்டில் இறங்கியது. அவர்கள் கையில் வெள்ளி நாணயம். அந்தப் படைக்குச் சாமான் கொடுக்கும் வேலையைப் பிடித்தார், நன்றாகச் சம்பாதித்தார்.

எதிரிக் கப்பல்களைப் பிடித்துச் சரக்கை விற்கும் தனியார் போர்க்கப்பல்களில் கிரீன் போட்ட பணம் பெரும்பாலும் மூழ்கியது. அப்புறம் தெற்குப் படைக்குத் தலைமை ஏற்றார். அங்கே ஜான் பேங்க்ஸ் என்ற வியாபாரி படைக்குத் துணி கொடுக்க முன்வந்தபோது, அவருடைய கடனுக்கு ஜாமீன் கையெழுத்துப் போட்டார். கிரீனும் பங்காளி என்று ஊரெல்லாம் பேச்சு. கிரீன் மறுத்தார், பேங்க்ஸும் இல்லை என்று சத்தியம் செய்துகொடுத்தார். 1784-இல் பேங்க்ஸ் இறந்துவிட, கடன் கிரீன் தலையில் விழுந்தது. 1786-இல் ஜார்ஜியாவில் 43 வயதில் கிரீன் காலமானார்.

கேத்தரின் விடவில்லை. கணவர் பட்ட நஷ்டத்துக்கு ஈடு கேட்டு காங்கிரஸில் மனுப் போட்டு, 1792-இல் சுமார் 47,000 டாலர் பெற்றார். கிரீன் விட்டுச்சென்ற சொத்து விவகாரங்களைப் பார்த்துக்கொண்ட உயில் நிறைவேற்றுநர்களில் ஒருவர் ஜெரமையா வாட்ஸ்வொர்த்.

கேள்வி: நானும் படிக்க வேண்டும். எங்கே தொடங்கட்டும்?

கிரீனின் கடிதங்கள் 13 தொகுதிகளாக அச்சில் வந்திருக்கின்றன. மலைக்காதீர்கள். 1779 ஏப்ரல் மாதத்தை மட்டும் எடுங்கள். வாட்ஸ்வொர்த்துக்கு எழுதிய ரகசியக் கடிதத்தைப் படியுங்கள். பிறகு அதே மாதம் 24-ஆம் தேதி வாஷிங்டனுக்கு எழுதியதைப் படியுங்கள். வரலாற்றில் குவார்ட்டர்மாஸ்டரைப் பற்றி யாரும் கேள்விப்பட்டதே இல்லை என்று அதில் மனம் நொந்து சொல்கிறார். இரண்டையும் பக்கத்தில் வைத்துப் படித்துவிட்டு வாருங்கள், விட்ட இடத்திலிருந்து பேசலாம்.