நாலு பக்க மந்திரம்

கேள்வி: தமிழில் ஒரு ஃபேன்டஸி நாவல் எழுதிக்கொண்டிருக்கிறேன். உலகம் முழுக்க என் கற்பனை. அங்கே ஒரு மலைக்கோயிலில் காத்துவரும் புனிதப் பாட்டு, கடைசி அடிவரை பாடினால் கேட்டவர் உயிர் போய்விடும். அந்தப் பாட்டையே நாலு பக்கத்துக்கு எழுதிவிட்டேன். படித்த நண்பர்கள், "நல்லா இருக்கு, ஆனா பயமே வரலை" என்கிறார்கள். பாட்டியோ, "இதையெல்லாம் எழுதாதே, பலிச்சுடும்" என்று திட்டுகிறார். முழுப் பாட்டையும் பின்னிணைப்பாகப் போடலாமா?
- ஒரு வாசகி, கோவை

பதில்: நண்பர்களை அப்புறம் பார்ப்போம். உங்களுக்கு வேண்டிய சரக்கு பாட்டியிடம்தான் இருக்கிறது.

பொழுது சாய்ந்த பிறகு பாம்பைப் 'பூச்சி' என்று சொல்கிற தலைமுறை அது. வாசல்படி தாண்டும்போது "போறேன்" என்றால், "வரேன்னு சொல்லு" என்று அதட்டல் வரும். நெல் அளக்கிற களத்தில் முதல் மரக்காலுக்கு 'லாபம்' என்று பெயர். அதற்குப் பிறகுதான் ரெண்டு, மூணு. இதில் எங்கேயும் மந்திரம் கிடையாது. ஆனாலும் சொல்லுக்குப் பயப்படுகிற ஓர் ஊர் கண்ணுக்குத் தெரிகிறது. உங்கள் நாலு பக்கத்தில் பாட்டு இருக்கிறது, பூசாரி இருக்கிறார், ஊரைத்தான் காணோம்.

பாட்டின் முதல் சொல் 'ஏழு' என்று வைத்துக்கொள்ளுங்கள். சந்தையில் மீன் எண்ணிப் போடுகிறவள் "அஞ்சு, ஆறு" என்றபின் வாயை மூடிக்கொண்டு ஒரு மீனைக் கூடையில் போடுகிறாள். பிறகு "எட்டு". மறந்துவிட்டாளோ என்று ஒரு வெளியூர்ப் பையன் "ஏழு" என்று எடுத்துக்கொடுக்கிறான். பக்கத்துக் கடைக்காரி கையில் இருந்த தராசைக் கீழே வைக்கிறாள். முதல் அத்தியாயத்துக்கு இது போதும். பாட்டில் ஓர் அடிகூட வாசகர் காதில் விழ வேண்டியதில்லை.

அடுத்தது, அந்தப் பாட்டைக் கொல்ல வைப்பது எது என்று நீங்கள் தீர்மானித்தாக வேண்டும். 'நிறைமொழி மாந்தர் ஆணையிற் கிளந்த மறைமொழி' என்கிறது தொல்காப்பியம். அங்கே வலிமை சொல்கிற ஆளிடமிருந்து வருகிறது. செய்யுள் இயற்ற விதி சொல்லும் பாட்டியல் நூல்கள் வேறு பக்கம் போகின்றன. யா, யோ, ரா, ரோ, லா, லோ போன்றவற்றை நச்செழுத்து என்று ஒதுக்கி, பாட்டுடைத் தலைவனைப் பாடும் முதல் சொல்லில் அவை வரக்கூடாது என்கின்றன. அதாவது விஷம் ஒலியிலேயே இருக்கிறது, பாடுகிறவர் யாராக இருந்தாலும். உங்கள் உலகம் இரண்டாவது கட்சி என்றால், கோயில் மண்டபத்தில் கூடு கட்டிய மைனா அந்தப் பாட்டைக் கற்றுக்கொண்டால் என்ன ஆகும்? முதல் கட்சி என்றால், எழுபது வயதுப் பூசாரிக்கு ஞாபகம் தப்ப ஆரம்பித்த பிறகு அந்த வலிமை யாரிடம் போகும்? இரண்டையும் கலந்துவிட்டால் கதை நடுவில் நீங்களே மாட்டிக்கொள்வீர்கள்.

உங்கள் கடிதத்தில் என்னை உட்காரவைத்த விஷயம் வேறு. கேட்டவர் எல்லாம் செத்துப்போகிற பாட்டை, குரு சீடனுக்கு எப்படிச் சொல்லிக்கொடுத்தார்? இதற்கு நீங்கள் பதிலே எழுதவில்லை. நாவலே அங்கேதான் இருக்கிறது என்பேன்.

வேத பாடசாலைகளில் சொற்களை முன்னும் பின்னுமாக மாற்றி ஓதும் முறைகள் உண்டு. ஜடை என்ற முறையில் முதல் இரண்டு சொற்கள் ஒன்று-இரண்டு, இரண்டு-ஒன்று, மறுபடி ஒன்று-இரண்டு என்று போகும். கனம் என்ற முறையில் அதற்கு மேல் மூன்றாம் சொல்லும் சேர்ந்து, முன்னே ஒரு தரம், பின்னே ஒரு தரம், மறுபடி முன்னே என்று வரும். கனபாடிகள் என்ற பட்டமே அதை முடித்தவருக்குத்தான். ஓர் எழுத்தோ ஸ்வரமோ பிசகக்கூடாது என்பதற்காக வந்த ஏற்பாடு அது. பிசகினால் என்ன ஆகும் என்பதற்கும் பழைய கதை உண்டு: இந்திரனைக் கொல்ல மகன் வேண்டும் என்று யாகம் செய்த த்வஷ்டா, மந்திரத்தில் ஸ்வரத்தை மாற்றிச் சொல்லிவிட, பிறந்த விருத்திரன் இந்திரன் கையிலேயே சாகிறான்.

உங்கள் மலைக்கோயிலில் இதைத் தலைகீழாக்கிப் பாருங்கள். சீடர்கள் பாட்டைக் கடைசிச் சொல்லிலிருந்து முதல் சொல்லுக்கு மட்டுமே படிக்கிறார்கள். நேர்வரிசையில் அதைக் கேட்ட ஆள் உயிரோடு இல்லை. அல்லது ஒற்றைப்படை அடிகள் ஓர் ஊருக்கு, இரட்டைப்படை அடிகள் ஆற்றுக்கு அக்கரையில் இருக்கும் ஊருக்கு. இரண்டு ஊருக்கும் பெண் கொடுத்துப் பெண் எடுக்கிற வழக்கம் கிடையாது. அப்படியும் ஒரு கல்யாணம் நடந்துவிடுகிறது, மாப்பிள்ளைக்குத் தூக்கத்தில் உளறுகிற பழக்கம். (இதை நீங்கள் எழுதாவிட்டால் நான் எழுதிவிடுவேன்.)

பாட்டு பயங்கரமாக ஒலிக்க வேண்டும் என்றும் இல்லை. தெள்ளாற்றில் வென்ற பல்லவன் மூன்றாம் நந்திவர்மன், தன்மேல் பாடப்பட்ட நந்திக் கலம்பகம் என்ற பாட்டு நூலைக் கேட்டே இறந்தான் என்று ஒரு கதை வழங்குகிறதே, அந்தக் கலம்பகத்தைப் புரட்டினால் பெரும்பாலும் அவன் புகழும் காதலும்தான். முடிவு தெரிந்தும் கேட்க உட்கார்ந்தான் என்பதுதான் அந்தக் கதையின் உயிர். உங்கள் ஆட்களில் ஒருவருக்காவது அந்தப் பாட்டைக் கேட்டே தீர வேண்டிய காரணம் இருக்கட்டும்.

உங்கள் பாட்டில் ஹ்ரீம், க்ளீம் போன்ற மந்திர ஒலிகள் இருந்தால் எல்லாவற்றையும் எடுத்துவிடுங்கள். அவை இன்றும் பூசையறைகளில் புழங்குகிறவை. வாசகர் உங்கள் உலகத்தைவிட்டு நேராகத் தெருக்கோடிக் கோயிலுக்குப் போய்விடுவார். பதிலாக, தாலாட்டு மாதிரி எளிமையாக இரண்டு அடி:

ஊற்றே, கண் மூடு.
காற்றே, கால் மடக்கு.

மூன்றாவது அடி தொடங்கும்போது யாராவது பாடுகிறவர் வாயைப் பொத்திவிடட்டும்.

பாட்டிக்கு என்ன சொல்வது? "முழுசா எழுதலை பாட்டி" என்று சொல்லுங்கள், அது உண்மையாகவும் இருக்கும். பின்னிணைப்பு வேண்டாம். ஆனால் பாட்டின் அடிவரிசையை மட்டும் உங்கள் நோட்டில் தனியாகக் குறித்து வைத்துக்கொள்ளுங்கள். மூன்றாம் அத்தியாயத்தில் ஐந்தாவதாக வந்த அடி முப்பதாம் அத்தியாயத்தில் ஆறாவதாக வந்தால், அதைக் கண்டுபிடித்து எழுதுகிற வாசகர்கள் இந்தப் பத்திரிகைக்கே நிறையப் பேர் இருக்கிறார்கள்.